சாப்பிடாத சாப்பாட்டுக்குக் காசு திரும்பாது, மகனே

வெள்ளவத்தைக் கரையில் நின்று எவ்வளவு எட்டிப் பார்த்தாலும் தெரியாத தூரத்தில், அமெரிக்காவின் பாதுகாப்பு முழுவதையும் ஒற்றைத் தோளில் தாங்கிக்கொண்டு நிற்கிற என் மகனுக்கு, காலி வீதிக்கும் கடலுக்கும் நடுவே ஒரு மூன்றாம் மாடியில் இருந்து அப்பா எழுதுவது. நீ தாங்குவது நாட்டை அல்ல, படை லொறிகளின் அடிப்பாகத்தை என்பது எனக்கும் தெரியும். ஆனால் மீன் கொண்டுவருகிறவரிடம் நீ ஏவுகணைக்கு எண்ணெய் போடுகிறாய் என்று சொல்லி வைத்திருக்கிறேன். அன்றிலிருந்து மனிதர் எனக்குப் பழைய மீன் தருவதில்லை. இதைத் தனியாக உனக்கு அனுப்பாமல் நாலு பேர் படிக்கிற மாதிரி எழுதுவதற்கு ஒரு காரணம் உண்டு. தனியாக எழுதினால், நான் எத்தனை பக்கம் எழுதினாலும், பதிலுக்கு ஒரு கட்டைவிரல் படம் அனுப்புவாய். இப்படி எழுதினால் உன் மாமியார் வீடு, உன் நண்பர்கள், கப்பலிலும் பாலைவனத்திலும் வேலை செய்கிற மற்ற வீட்டுப் பிள்ளைகள் எல்லோரும் படிப்பார்கள். அவர்கள் எல்லோரும் உன்னைக் கேட்பார்கள். எத்தனை பேருக்குக் கட்டைவிரல் காட்டுவாய் என்று பார்ப்போம்.

விஷயம் உன் உணவுப்படி. கலியாணம் முடிந்து நீ திரும்பிப் போன அன்று, விமான நிலையத்துக்குப் போகிற வழியில், வான் வண்டிக்குள் இருந்துகொண்டு உன் திட்டத்தை அறிவித்தாய். உன் புது மனைவி நிரோஷாவுக்கு விசா வருவதற்கு மாதக்கணக்கில் ஆகும். அதுவரைக்கும் அவள் கொட்டாஞ்சேனையில் தன் தாயோடு இருப்பாள். நீயோ இப்போதே முகாம் விடுதியை விட்டு வெளியே ஓர் அறை எடுத்துக்கொள்வாய். அப்போது சாப்பாட்டுக்காக வெட்டுகிற காசை வெட்டமாட்டார்கள், உணவுப்படி முழுதாகக் கைக்கு வரும், நீயே சமைத்துக் கொஞ்சமாகச் சாப்பிட்டு மிச்சத்தைச் சேர்ப்பாய், அவள் வந்து இறங்கும்போது வீட்டு அட்வான்ஸ் தயாராக இருக்கும். சாரதி உட்பட வண்டியில் இருந்த எல்லோரும் தலையாட்டினோம். கேட்பதற்கு அவ்வளவு நன்றாக இருந்தது. அந்த நேரம் நிதி அமைச்சர் பதவி காலியாக இருந்திருந்தால் உன்னை அப்படியே கொண்டுபோய் அதில் இருத்தியிருப்பேன்.

அடுத்த ஞாயிறு பின்னேரம் நிரோஷா வீட்டுக்கு வந்தாள். கொட்டாஞ்சேனையில் இருந்து பஸ்ஸில் நசிபட்டு வந்தும், கையில் கொண்டுவந்த கேக் பெட்டியின் ஒரு மூலைகூட மடங்காமல் கொண்டுவந்து வைத்தாள். அப்படிப்பட்ட பிள்ளை. விசாப் பத்திரங்களோடு சேர்ப்பதற்காக நீ உன் சம்பளச் சிட்டையைப் படமெடுத்து அவளுக்கு அனுப்பியிருந்தாய். அதில் ஓர் இடத்தில் அவள் மாட்டிக்கொண்டு நின்றாள். "மாமா, இங்க மேல சாப்பாட்டுக்குன்னு சல்லி குடுக்கிறாங்க. கீழ சாப்பாட்டுக்குன்னு அதையே எடுக்கிறாங்க. குடுத்ததில கொஞ்சூண்டுதான் மிஞ்சுது. இதென்ன விளையாட்டு?" என்று கேட்டாள். இப்படி ஒரு கேள்வியை யாராவது என்னிடம் கேட்கமாட்டார்களா என்றுதான் நான் இத்தனை வருடங்களாக உயிரோடு இருக்கிறேன் என்று தோன்றியது. கண்ணாடியைத் துடைத்தேன். கதிரையை இழுத்துப் போட்டேன். உன் அம்மா குசினிக்குள் இருந்து, "பிள்ளை, இனி நீ பத்து மணிக்குத்தான் வீட்டை போவாய்" என்று எச்சரித்தாள்.

நிரோஷாவுக்குச் சொன்னதை இங்கே திரும்பவும் எழுதுகிறேன், ஏனென்றால் உனக்கே இது முழுதாக விளங்கவில்லை என்று பிறகு தெரிந்தது. உணவுப்படி என்பது படைவீரன் ஒருவனின் ஒரு வாய்க்கான காசு. நேற்றுச் சேர்ந்தவனுக்கும், மீசை நரைத்த சார்ஜன்டுக்கும் ஒரே தொகை. பெரிய நகரத்தில் இருந்தாலும் பொட்டல் வெளியில் இருந்தாலும் ஒரே தொகை. அதிகாரிமாருக்கு அதைவிடக் கொஞ்சம் குறைவு. அவர்கள் கட்டளையிட்டே வயிறு நிறைந்துவிடுவார்களோ என்னவோ. வருமான வரி அதைத் தொடாது. வருடத்துக்கு ஒருமுறை கடையில் சாப்பாட்டுச் சாமான் விலை எப்படிப் போகிறது என்று பார்த்துத் தொகையை மாற்றுவார்கள். இவ்வளவும் வரவுப் பக்கம். இனி கழிவுப் பக்கம். முகாம் விடுதியில் இருக்கிறவனுக்கு மூன்று வேளையும் சாப்பாட்டு மண்டபத்தில் சாப்பாடு உண்டு என்பதால், நாளுக்கு இவ்வளவு என்று ஒரு விலை போட்டு, அதை மாதத்தின் நாட்களால் பெருக்கிக் கழித்துவிடுவார்கள். படி மாதத்துக்கு ஒன்றுதான், கழிவு நாள் கணக்கு. ஆகவே நாள் கூடிய மாதத்தில் உன் கையில் மிஞ்சுவது குறையும், பெப்ரவரியில் கூடும். பெப்ரவரியில் நீ ஒரு குட்டிச் செல்வந்தன்.

"அப்ப இப்ப நானும் வந்திட்டேனே, எனக்கும் சேத்து அது கூடாதா மாமா?" என்று நிரோஷா கேட்டாள். கலியாணப் பேச்சின்போது உன் மாமியாருக்கு நான் சொன்னது நினைவுக்கு வந்து, கதிரையில் கொஞ்சம் நெளிந்தேன். "மருமகனுக்கு மட்டுமில்லை அம்மா, உங்கட மகளுக்கும், பிறக்கப்போற பேரப்பிள்ளையளுக்கும், நீங்கள் போய் நிண்டா உங்களுக்கும் சேர்த்து அந்த அரசாங்கம் சோறு போடும்" என்று அன்றைக்கு முழங்கியிருந்தேன். இல்லை, மகனே. மனைவி வந்தால் கூடுவது வாடகைப்படி. உணவுப்படி ஒரு சதம் அசையாது. அது உன் வயிற்றை மட்டும் பார்க்கிற காசு. நான் அதைச் சொன்னபோது நிரோஷா சிரித்தாள். "அம்மா அண்டைக்கே சொன்னாங்க மாமா, சம்பந்தி கதைக்கிறதில பாதிய தண்ணியில கரைச்சு விடணும்னு" என்றாள். பாதிதானா என்று உன் அம்மா குசினிக்குள் இருந்து கேட்டாள். இரண்டு குடும்பமும் எவ்வளவு சீக்கிரம் ஒன்றாகிவிட்டது, பார்.

அப்போதுதான் கதை வேறு பக்கம் திரும்பியது. உன் அம்மா தேத்தண்ணீரைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, "அவன்தான் அங்கத்தைச் சாப்பாட்டைத் தொடுறேல்லையே, பிறகேன் காசு வெட்டுறாங்கள்?" என்றாள். நிரோஷா நிமிர்ந்து பார்த்தாள். "இல்ல மாமி, மூணு நேரமும் அங்கதான், இறைச்சி எல்லாம் இவ்வளவு பெருசுன்னு எனக்குச் சொன்னாரே." அம்மாவிடம் நீ சொல்லியிருந்தது, பகலில் அறையில் சோறு வைத்து அவள் இடித்து அனுப்பிய தூளில் கறி காய்ச்சிச் சாப்பிடுகிறாய் என்று. அதை நம்பி அவள் மாதாமாதம் தூள் அனுப்பிக்கொண்டிருக்கிறாள். அவ்வளவு தூளையும் ஒரே நேரத்தில் பற்றவைத்தால் அந்த முகாமே சந்திரனுக்குப் போய்ச் சேரும். என்னிடம் நீ சொல்லியிருந்தது, பகலில் வேலை நெருக்கடி என்பதால் லொறிக்குப் பக்கத்திலேயே பொட்டலச் சாப்பாடு கொண்டுவந்து தருகிறார்கள் என்று. மூன்று பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தோம். ஒரே பகல் சாப்பாட்டை நீ மூன்று விதமாகச் சாப்பிட்டிருந்தாய். மூன்று விதமாகச் சாப்பிடுகிறவன் ஒரு விதமாகவும் சாப்பிடுவதில்லை என்று கண்டுபிடிக்க எனக்குக் கொஞ்ச நேரம் எடுத்தது. நிரோஷாவுக்கு எடுக்கவில்லை. அவள் அப்போதே உனக்கு அழைப்பு எடுத்துவிட்டாள்.

அந்த அழைப்பில் நடந்தது உனக்குத் தெரியும். ஆனால் நீ அந்தப் பக்கம் இருந்தாய். இந்தப் பக்கம் எப்படி இருந்தது என்று உனக்குத் தெரியாது. உனக்கு ஞாயிறு காலை. தலை கலைந்து, சிரித்த முகத்தோடு திரையில் வந்தாய். "நேத்துப் பகல் என்ன சாப்பிட்டீங்க?" என்று அவள் கேட்டாள். வணக்கம்கூடச் சொல்லவில்லை. நீ, "காலமையே நல்லாச் சாப்பிட்டன்" என்றாய். "நான் பகல் கேட்டேன்." "பசிக்கேல்லை." "முந்தாநாள்?" நீ பக்கத்தில் இருந்த என்னைப் பார்த்தாய். ஆண்பிள்ளைக்கு ஆண்பிள்ளை உதவுவான் என்று நினைத்திருப்பாய். நான் கேக்கைப் பார்த்தேன். பிறகுதான் நீ என்னிடம் அதைச் சொன்னாய். நீ சொன்ன விதம் இன்னும் காதில் நிற்கிறது, அவ்வளவு நம்பிக்கையோடு சொன்னாய்: "அப்பா, நான் பகலை வெட்டி விட்டிருக்கிறன். சேர்ந்த நாளிலயிருந்து. எல்லாம் சேர்த்து நான் விடுதியை விட்டு வெளிக்கிடேக்க ஒண்டாத் தருவாங்கள்தானே?"

நான் சிரித்தேன். அம்மாவும் முதலில் சிரித்தாள். நிரோஷாவுக்கு ஒன்றும் புரியவில்லை. சாப்பாட்டை எப்படி வெட்டுவது, யார் தருவார்கள் என்று அவள் எங்கள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தாள். அவள் எங்கள் பழைய வீட்டைக் கண்டவள் இல்லை. உனக்கோ அந்த வீடுதான் உலகத்தின் சட்டம். பின் அறைகளில் ஊர்ப் பெடியன்களை வாடகைக்கு வைத்து நான் சாப்பாடு போட்ட காலம் அது. என் பருப்பு அவ்வளவு தெளிவாக இருக்கும், அடியில் கிடக்கிற ஒற்றை மிளகாயை மேலே இருந்து பார்த்துப் பெயர் சொல்லிக் கூப்பிடலாம். சாப்பாட்டுக் காசு மாத முதலில் முழுதாக வாங்கிவிடுவேன். ஒருவன் ஒரு வேளை சாப்பிட வரமாட்டான் என்றால், முதல் நாள் பின்னேரமே குசினி வாசலில் வந்து, "அங்கிள், நாளைக்குப் பகல் வெட்டு" என்று சொல்லவேண்டும். சொன்னால் அந்த வேளைக்கான காசு அவன் பெயரில் நிற்கும். ஆனால் மாதாமாதம் கழிக்கமாட்டேன். தைப்பொங்கலுக்கு ஊருக்குப் போகும்போதோ, அறையைக் காலி செய்யும்போதோ, மொத்தமாகக் கையில் வைப்பேன். தங்கள் சொந்தக் காசையே நான் சீதனம் கொடுத்தது போல இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டு போவார்கள். நான் வள்ளல் என்று பெயர் எடுத்ததெல்லாம் அப்படித்தான்.

அந்தச் சட்டத்தை நீ அமெரிக்காவுக்குக் கொண்டுபோய் அங்கே அமுல்படுத்தியிருக்கிறாய். உன்னை முழு முட்டாள் என்றும் சொல்ல முடியாது, அதையும் சொல்லிவிடுகிறேன். முதல் தடவை நீ விடுமுறையில் வந்த மாதம், இங்கே நின்ற நாட்களுக்குச் சாப்பாட்டுக் கழிவு இல்லை என்று சிட்டையில் கண்டாய். சாப்பிடாத நாளுக்குக் காசு எடுக்கவில்லை, அப்பாவின் சட்டம்தான் இங்கேயும் என்று முடிவுகட்டினாய். அது அப்படி அல்ல, மகனே. விடுமுறை எழுத்தில் அனுமதிக்கப்பட்ட நாட்களில் நீ மண்டபத்துக்கு உரியவனே அல்ல, அதனால்தான் கழிக்கவில்லை. முகாமில் நிற்கிற நாளில் சாப்பாடு உனக்காகச் சமைத்து வைக்கப்பட்டிருக்கிறது. போனாலும் கழிப்பார்கள், போகாவிட்டாலும் கழிப்பார்கள். வேலை காரணமாக உன்னைச் சாப்பிட விடவில்லை என்றால், மேலதிகாரி கையெழுத்து வைத்தால், அந்த வேளைக்குரியதைத் திரும்பக் கேட்கலாம். நீயாகப் போகாமல் இருந்தால் அது காற்றோடு போன காசு. வெளியே குடியிருக்கிறவனுக்கும், பயிற்சிக்காகக் காட்டுக்குப் போய் அவர்கள் போடுகிற சாப்பாட்டில் நிற்கிற நாட்களுக்குக் கழிவு உண்டு. எந்த நாட்டுப் படையிலும் வயிற்றை வெட்டிச் சேமிக்கிற திட்டம் ஒன்று இருப்பதாக நான் கேள்விப்படவில்லை.

இதை நான் திரையில் உனக்கு விளக்கியபோது உன் முகம் போன போக்கை வர்ணிக்க மாட்டேன். அது எனக்கே பிடிக்கவில்லை. சேர்ந்த நாளிலிருந்து இத்தனை பகல்கள். கிரீஸ் பிடித்த கையோடு லொறிக்குக் கீழே இருந்து எழும்பி, மற்றவர்கள் எல்லோரும் மண்டபத்துக்குப் போக, நீ அறைக்குப் போய்த் தண்ணீர் குடித்துவிட்டுப் படுத்திருக்கிறாய். ஏற்கனவே காசு கட்டிய சாப்பாட்டைச் சாப்பிடாமல், வராத காசுக்காகப் பட்டினி கிடந்திருக்கிறாய். உலகத்தில் இதற்குமேல் சுத்தமான நட்டம் ஒன்று இருக்கமுடியாது. இதில் என் பங்கு என்ன என்று நீ கேட்கவில்லை, உன் அம்மா கேட்டாள். அன்று அவள் கேட்டது எல்லாவற்றையும் இங்கே எழுதினால் அச்சிடமாட்டார்கள். சுருக்கம் இதுதான்: வெட்டினால் காசு வரும் என்று மட்டும் உனக்குத் தெரிய விட்டிருக்கிறேன்; பகலுக்கு மேல் பகல் வெட்டுகிற பெடியனைப் பிடித்து இருத்தி, காசில்லாமல் சோறு போட்டதை உனக்குத் தெரிய விடவில்லை. அது வெளியே தெரிந்தால் எல்லோரும் வெட்டுவார்கள் என்று மறைத்தேன். கணக்கில் கெட்டிக்காரன் என்று பெயர் எடுக்க ஆசைப்பட்டவன் நான்.

நீ அழைப்பை முடிக்கும்போது, "சரி, போனது போகட்டும், இனி வெளியில அறை எடுத்தா முழுக் காசும் கையில வரும்தானே" என்றாய். அதற்குத்தான் நிரோஷா அந்தப் பதிலைச் சொன்னாள். சத்தம் போடவில்லை. மேசையில் இருந்த கேக் துண்டுகளை ஒழுங்காக அடுக்கிக்கொண்டே சொன்னாள். "சல்லி கையில வந்தா நீங்க சாப்பிடவே மாட்டீங்க. இப்ப ஒரு நேரம் வெட்டுறீங்க, அப்ப மூணு நேரமும் வெட்டுவீங்க. நீங்க பட்டினி கிடந்து சேத்த வீட்டுக்கு நான் வரமாட்டேன். விசாப் பேப்பர் என் அலுமாரியிலேயே இருக்கட்டும்." நீ பிறகு கதைப்போம் என்றாய். திரை இருண்டது. அந்த ஞாயிறிலிருந்து நீ அவளுக்கு அனுப்புகிற செய்தி எதற்கும் அவள் பதில் போடவில்லை என்று எனக்குத் தெரியும். கொட்டாஞ்சேனையில் இருந்து உன் மாமியார் தொலைபேசியில் என்னைக் கூப்பிட்டு, "என்ன சம்பந்தி, அந்த அரசாங்கம் மருமகனுக்குக்கூடச் சோறு போடல்லையாமே?" என்று கேட்டார். தொலைபேசியை உன் அம்மாவின் கையில் கொடுத்துவிட்டு மீன் வாங்கப் போனேன்.

இனி என் தீர்ப்பு. கணக்கு மட்டும் பார்த்தால் நீ சொல்வதில் ஒரு பிழையும் இல்லை. கலியாணம் பதிவாகிவிட்டது, வெளியே குடியிருக்க அனுமதி கேட்கலாம், கழிவு நிற்கும், படி முழுதாக வரும். கெட்டித்தனமாகச் சமைத்தால் மிச்சமும் பிடிக்கலாம். ஒரு தாளில் எழுதிப் பார்த்தால் எவனும் உன் பக்கம்தான் நிற்பான். ஆனால் அந்தத் தாள், சமைக்கிறவன் சாப்பிடுவான் என்று எடுத்துக்கொள்கிறது. உன்னை அப்படி எடுத்துக்கொள்ள முடியாது என்பதை உன் மனைவி உன் சிட்டையில் விரலை வைத்தபடி கண்டுகொண்டாள். உனக்கு இப்போது வாய்த்திருப்பது என்ன என்று யோசித்துப் பார். நீ எவ்வளவு முயன்றாலும் சேமிக்கமுடியாத ஒரு காசு. உன் கைக்கு எட்டும் முன்னரே அதைப் பிடுங்கிச் சோறாக்கி, மேசையில் வைத்து, கரண்டியும் தந்து, போய்ச் சாப்பிடு என்கிறார்கள். உன்னைப் போன்ற ஒருவனுக்கு இதைவிடப் பொருத்தமான ஏற்பாட்டைப் பத்துச் சோதிடர் சேர்ந்து இருந்தும் சொல்லியிருக்கமுடியாது. அவள் வந்து இறங்கும் வரைக்கும் விடுதியிலேயே இரு. கழிக்கட்டும். அட்வான்ஸ் பிந்தினால் பிந்தட்டும். அவள் கேக் செய்து விற்றுத் தன் கையால் உழைக்கிறவள், போன பிறகும் உழைப்பாள், இரண்டு பேருமாகக் கட்டுவீர்கள். உணவுப்படி ஒரு வாய்க்கு மட்டும் என்று நான் சொன்னபோது அவள் முகம் சுருங்கும் என்று பயந்தேன். அவளோ சிரித்து முடித்ததும், "பரவாயில்ல மாமா, என்ட வாய நான் பாத்துக்கொள்ளுவேன், அவர்ட வாய அவர் பாக்கட்டும்" என்றாள். வீட்டுக் கணக்கு முழுவதும் அந்த ஒரு வரியில் முடிந்துவிட்டது. நான் அரை மணித்தியாலம் விளக்கியிருந்தேன்.

கடைசியாக ஒன்று. மன்னிப்புக் கேட்டு அவளுக்கு நீளமாக எழுதாதே. எங்கள் குடும்பத்தின் எழுத்தை அவள் வீட்டில் தண்ணீரில் கரைத்துத்தான் படிப்பார்கள். இனி ஒழுங்காகச் சாப்பிடுகிறேன் என்று சத்தியமும் செய்யாதே. நாளைப் பகல் கையைக் கழுவிக்கொண்டு மற்றவர்களோடு அந்த மண்டபத்துக்குப் போ. வரிசையில் நில், போடுகிறதை வாங்கு, யாராவது ஒருவனுக்குப் பக்கத்தில் இருந்து சாப்பிடு. சாப்பாடு சப்பென்று இருந்தால் அம்மாவின் தூளில் ஒரு சிட்டிகை தூவு. ஒன்றுக்கு மேல் தூவினால் தீயணைப்பு வண்டிக்குச் சொல்லிவிட்டுத் தூவு. பிறகு தட்டைப் படமெடுத்து நிரோஷாவுக்கு அனுப்பு. ஒரு சொல்லும் எழுதவேண்டாம். ஆனால் நிறைந்த தட்டை எடுத்து அனுப்பிவிடாதே, அதை எவனும் எடுப்பான், எடுத்துவிட்டு எழும்பியும் போவான். எலும்பும் கறிக்கோடும் மட்டும் மிஞ்சிய தட்டை எடுத்து அனுப்பு. மறுநாளும் அனுப்பு. அவள் அலுமாரியைத் திறக்கும்வரை அனுப்பு.